விலையும் மாண்பும்

ஊதியம் கருதாது செய்யப்படும் செயலே உயர்ந்தது என்னும் எண்ணம் நம்மிடையே ஆழ வேரூன்றியுள்ளது. கலைஞன் கூலி கேட்டாற் கலை தாழ்ந்தது என்றும், ஆட்டக்காரன் பணம் பெற்றால் ஆட்டம் மாசுற்றது என்றும் கூறுவோர் பலர். இக்கூற்று அறத்தின்பாற்பட்டதா? அன்றி, வசதியுடையோர் தமது வசதியையே அறமெனக் கொண்டதன் விளைவா? றக்பி லீக் என்னும் ஆட்டத்தின் வரலாறும், அதனைத் தொழிலாகக் கொண்ட பில்லி பொஸ்ரனின் வாழ்வும் இவ்வினாவை நம்முன் வைக்கின்றன.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில், வட இங்கிலாந்துக் கழகங்களில் ஆடியோருட் பலர் சுரங்கங்களிலும் ஆலைகளிலும் உழைத்தவர்கள். ஆட்டத்திற்காக வேலையை விட்டால் அன்றைய கூலி இல்லை. இழந்த கூலிக்கு ஈடு வழங்கவேண்டும் என்ற கோரிக்கையை இங்கிலாந்தின் றக்பிச் சங்கம் 1893இல் நிராகரித்தது. ஒருநாட் கூலி செல்வர்க்கு ஒரு பொருட்டன்று. தொழிலாளிக்கோ அது வீட்டின் உலை. எனவே 1895 ஓகஸ்ட் 29ஆந் திகதி ஹடஸ்பீல்ட் நகரில் 'வடக்கு ஒன்றியம்' தோன்றிற்று. 22 கழகங்கள் அதன்கீழ் ஒன்றுபட்டன. 1906இல் அணிக்குப் பதின்மூவர் என விதி மாறியது. நம் நாட்டிற் பழக்கமான பதினைவர் ஆட்டத்தினின்றும் வேறான றக்பி லீக் இவ்வாறு உருப்பெற்றது. லீக்கிற் பணம் பெற்றவருக்குப் பதினைவர் ஆட்டத்தின் கதவு அடைபட்டது. ஆயின் 1995இல் அவ்வாட்டமும் ஊதியத்தை ஏற்றுக்கொண்டது. ஒரு நூற்றாண்டுக் காலம் குற்றமாயிருந்தது ஒரே தீர்மானத்தாற் குற்றமற்றதாயிற்று! இங்கு மாறியது அறமன்று, தேவையே.

பொஸ்ரன் 1934இல் வேல்ஸின் கார்டிவ் துறைமுகப் பகுதியிற் பிறந்தார். தந்தையார் சியராலியோனைச் சேர்ந்தவர். பதினைவர் ஆட்டத்தில் வேல்ஸ் நாட்டுக்காக ஆடுவதே அவரது இளமைக் கனவு. 1953இல் 3,000 பவுண் பெற்று விகன் கழகத்தில் ஒப்பமிட்டதும் அக்கனவு முடிந்தது. எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பாற் பந்தை நிலத்தில் ஊன்றிப் புள்ளி பெறுதலை 'ட்றை' என்பர். விகனுக்காக மட்டும் அவர் பெற்ற ட்றைகள் 478. தொழில்முறை வாழ்வு முழுவதிலும் 571. கூலி பெற்றமையால் அவ்வோட்டத்தின் அழகு குன்றியதென எவர் கூறுவர்?

எனினும் ஒரு தடை எழலாம். மனிதனுக்கு 3,000 பவுண் என விலை குறிப்பது அவனைப் பண்டமாக்குவதாகாதா? விலையுள்ள பொருளுக்கு ஈடாக மற்றொன்றை வைக்கலாம், ஈடு வைக்கவொண்ணாததே மாண்புடையது என்று வேறுபடுத்தினார் இம்மானுவேல் கான்ற். உழைப்புக்கு விலை உண்டு. உழைப்பவனுக்கு விலை இல்லை. இவ்வேறுபாடு காக்கப்படும்வரை கூலி இழிவன்று.

அது காக்கப்படாத தருணமும் உண்டு. 1957இல் அவுஸ்திரேலியாவில் நடைபெற்ற உலகக் கிண்ணப் போட்டியிற் பொஸ்ரன் பிரித்தானிய அணியில் ஆடினார். திரும்பும் வழியில் அவ்வணி தென்னாபிரிக்காவிற் காட்சி ஆட்டங்களில் ஈடுபட்டது. நிறவெறிச் சட்டங்கள் நிலவிய அந்நாட்டிற் கறுப்பினத்தவரான அவருக்கு அணியில் இடமில்லை. அவர் தனியே வீடு திரும்பினார். அணி அவரின்றி ஆடியது. தொழிலாளியின் கூலிக்காகப் பிறந்த ஆட்டமே தன் தொழிலாளியைக் கைவிட்டது. களத்தில் அவரது இடத்துக்கு ஓர் ஈடு கிடைத்தது. அவருக்கு நேர்ந்த அவமதிப்புக்கு ஈடு எது?

2025இல் அவருக்கு 'சேர்' பட்டம் வழங்கப்பட்டது. றக்பி லீக் ஆட்டக்காரர் ஒருவர் அதனைப் பெற்றது அதுவே முதன்முறை. அப்போது அவருக்கு வயது தொண்ணூறு. காலந்தாழ்ந்த பெருமை பழைய அநீதியை அழித்துவிடாது.

ஆகவே, நாம் வினவவேண்டியது 'பணம் பெற்றானா?' என்பதன்று. பணம் கொடுத்தவர்கள் அவனை மனிதனாகவும் மதித்தார்களா என்பதே. நாளை கற்றதற்கு ஊதியம் பெறப்போகும் நமக்கும், பிறர் உழைப்புக்கு ஊதியம் நிர்ணயிக்கப்போகும் நம்முட் சிலருக்கும் இவ்வினா உரியது. நியாயமான கூலி நீதியின் தொடக்கம்; அதுவே நீதியின் முடிவன்று.