ஞாயிற்றுக்கு உணவானோர்

உலகம் பன்முறை அழிந்து ஆக்கப்பட்டதென நம்பினோர் நம் புராணிகர் மட்டுமல்லர். மெக்சிக்கோ நாட்டு அஸ்டெக் மக்களும் அவ்வாறே நம்பினர். முன்னிருந்த நான்கு ஞாயிறுகள் மாய்ந்தன; ஐந்தாம் ஞாயிறு மனிதக் குருதியை உண்டாலன்றி நிலையாது என்பது அவர்தம் கொள்கை. 52 ஆண்டுக்கொருமுறை ஊரெங்கும் தீயை அவித்து, பலியானவன் ஒருவன் மார்பின்மேல் புதுத்தீ கடைந்தனர். 1507இல் நிகழ்ந்ததே அவ்விழாக்களில் இறுதியானது. 1521இல் அவர்தம் தலைநகர் ஸ்பானியரிடம் வீழ்ந்தது. வென்றவரும் இரக்கமுடையோரல்லர் என்பதை நாம் மறந்திலோம். ஆயினும் பலி நின்றது, ஞாயிறு நிற்கவில்லை. அது இன்றும் எழுகின்றது.

அம்மக்களை இகழ்வது நம் கருத்தன்று. உலகம் நிலைபெற வேண்டுமென்னும் கவலை நற்கவலையே. ஆனால் அக்கவலைக்கு விலை கொடுத்தவர் யாவர்? பூசாரிகள் தம் காதையும் நாவையும் குத்திச் சில துளி குருதி தந்தனர். உயிரைத் தந்தவரோ பெரும்பாலும் போர்க்கைதியரும் அடிமைகளுமே!

தோழர்களே! உலகம் அழியுமென்று அச்சுறுத்தி ஒருவர் ஒரு கொள்கையை நம்மிடம் கொணர்வாராயின், அதன் தொன்மையைக் கேட்டு மயங்க வேண்டா. "இதற்கு உணவாவோர் யாவர்?" என்று முதலில் வினவுவோம். நம் சொந்தப் புராணங்களையும் இவ்வினாவினின்று விலக்குதல் அறமன்று.