எண்ணிக்கையும் நியாயமும்

சிறுபான்மை, பெரும்பான்மை என்னும் இரு சொற்கள் இக்காலத்தில் எல்லோர் நாவிலும் வழங்குகின்றன. ஒரு மதத்தார் தமக்கு நேர்ந்த குறையைச் சொல்லும்போது ‘நாங்கள் சிறுபான்மையோர், எங்களுக்கு நீதி வேண்டும்’ என்கின்றனர். தம் விருப்பத்தைப் பிறர்மேல் ஏற்றும்போது ‘நாங்கள் பெரும்பான்மையோர், எங்கள் சொற்படி நடக்க வேண்டும்’ என்கின்றனர். இதில் வியப்பு யாதெனில், இவ்விரண்டையும் சொல்பவர் பெரும்பாலும் ஒரே மதத்தாராகவே இருக்கின்றனர் என்பதுதான். இடம் மட்டுமே வேறு. கடலைத் தாண்டினால் வாதமும் மாறிவிடுகிறது. இவ்வாறு தலையெண்ணிக்கைக்குத் தக்கபடி மாறுவது நியாயம் என்னும் பெயருக்கு உரியதாகுமா என்பதே இங்கு நாம் ஆராயப் புகும் பொருள். கிறிஸ்தவர், முஸ்லிம்கள் ஆகிய இருவரின் உறவை இதற்குச் சான்றாக எடுத்துக்கொள்வோம். உலகில் மிகுந்த தொகையினரைக் கொண்ட மதங்கள் இவ்விரண்டே. ஆதலின் இருவருமே ஓரிடத்தில் பலராகவும் வேறோரிடத்தில் சிலராகவும் வாழ்கின்றனர்.

கியா பார்ம் என்பது காமிரன் மலையில் பிரிஞ்சாங்குக்கு வடக்கே உள்ள சிற்றூர். சுற்றிலும் காய்கறித் தோட்டங்கள். சற்றுத் தொலைவில் சுங்கை பலாஸ் தேயிலைச் சரிவுகள். ஒருநாள் மாலை, மழைக்காக நான் ஒதுங்கிய தேநீர்க் கடையில் இருவர் உரையாடிக் கொண்டிருந்தனர். ஒருவர் தோட்ட வேலையிலிருந்து ஓய்வு பெற்ற கிறிஸ்தவத் தமிழர். மற்றவர் மளிகைக் கடை வைத்திருக்கும் தமிழ் முஸ்லிம். இருவரும் நெடுநாளைய நண்பர்.

“பாய், எங்கள் மலாய் வேதப் புத்தகத்தில் உள்ள சொல்லையே உங்கள் ஆட்கள் தடுத்தார்களே, அது நியாயமா?” என்றார் முன்னவர்.

“அண்ணே, ஐரோப்பாவில் பள்ளிவாசலுக்கு மினாரா கட்டக்கூடாது என்று உங்கள் ஆட்கள் தடுத்தார்களே, அது மட்டும் நியாயமா? அங்கே விடட்டும், இங்கேயும் விடுவார்கள்” என்றார் பின்னவர்.

“அப்படியானால் முதலில் யார் விடுவது?” என்று முன்னவர் சிரித்தார். மழை விட்டதும் இருவரும் எழுந்து போயினர். அந்தக் கேள்வி மட்டும் என்னை விடவில்லை.

அவ்விருவரும் சுட்டிய நிகழ்ச்சிகள் இரண்டும் உண்மையே. 2009-ஆம் ஆண்டு நவம்பர் 29-இல் ஸ்விட்சர்லாந்தில் ஒரு பொது வாக்கெடுப்பு நடந்தது. இனிப் புதிதாக மினாரா எழுப்பலாகாது என்று வாக்களித்தோருள் நூற்றுக்கு 57.5 பேர் தீர்மானித்தனர். அந்நாடு முழுதிலும் அன்று நின்ற மினாராக்கள் நான்கே!

அதற்கடுத்த மாதம் 31-ஆம் நாள் கோலாலம்பூர் உயர்நீதிமன்றம் ஒரு தீர்ப்புக் கூறிற்று. இந்நாட்டு உள்துறை அமைச்சு 1986-இல் ‘அல்லாஹ்’ முதலிய நான்கு சொற்களைக் கிறிஸ்தவர் தம் வெளியீடுகளில் ஆளலாகாது என்று விலக்கியிருந்தது. இந்நாட்டுக் கிறிஸ்தவருள் பெரும்பகுதியினர் வாழ்வது சபா, சரவாக் மாநிலங்களில்; அவர்களுள் பலருக்கு மலாய் மொழியே வழிபாட்டு மொழி. 1629-இல் அச்சான மலாய் மத்தேயு நற்செய்தியிலேயே இறைவனுக்கு அச்சொல் வழங்கப்பட்டிருக்கிறது. ஆதலின் கத்தோலிக்கரின் ‘ஹெரால்ட்’ வார ஏடு வழக்காடிற்று. உயர்நீதிமன்றம் அதன் சார்பில் தீர்ப்பளித்தது. 2010 ஜனவரி 8-இல் தலைநகரில் ஒரு சபையின் அலுவலகம் தீக்கிரையாயிற்று. அடுத்த நாட்களில் வேறு சில ஆலயங்களும், ஒரு சீக்கியக் குருத்துவாராவும் தாக்கப்பட்டன. அம்மாத இறுதியில் இரண்டு பள்ளிவாசல்களில் பன்றித் தலைகளை எவரோ இட்டுச் சென்றனர்.

வழக்கு அதனோடு முடியவில்லை. 2013 அக்டோபர் 14-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றிற்று. 2014 ஜூன் 23-இல் கூட்டரசு நீதிமன்றத்தில் நீதிபதிகள் நால்வர் ஒருபுறமும் மூவர் மறுபுறமுமாகப் பிரிந்து, மேற்கொண்டு முறையிட ஏட்டுக்கு அனுமதி மறுக்கப்பட்டது. ஆயின் வேறொரு வழக்கு நடந்துகொண்டிருந்தது. சரவாக்கைச் சேர்ந்த மெலனாவ் இனக் கிறிஸ்தவப் பெண் ஒருவர் தம் சொந்த உபயோகத்துக்காகக் கொண்டுவந்த எட்டுக் குறுந்தட்டுகள் 2008-இல் விமான நிலையத்தில் பறிமுதல் செய்யப்பட்டிருந்தன. 2021 மார்ச் 10-இல் உயர்நீதிமன்றம் 1986-ஆம் ஆண்டின் ஆணை செல்லாது என்று அவ்வழக்கில் தீர்த்தது. அரசாங்கம் தன் மேல்முறையீட்டை 2023-இல் மீட்டுக்கொண்டது.

இவ்விரு நாடுகளிலும் எல்லோரும் ஒருபடித்தாக நடந்தனர் என்று எண்ணலாகாது. ஸ்விட்சர்லாந்தில் கத்தோலிக்க ஆயர்களும் புராட்டஸ்டண்டு சபைகளின் தலைமையும் மினாராத் தடையை எதிர்த்தே பேசினர். இங்கு 2010-இல் முஸ்லிம் அமைப்புக்கள் சில ஆலயங்களுக்குக் காவல் நிற்க முன்வந்தன. தம் கூட்டத்தார் கைவலியோராய் இருக்கும் இடத்தில் எளியோர் பக்கம் நின்றவர் இவர்களே.

இனி, ‘அங்கே விட்டால் இங்கே விடுவோம்’ என்னும் வாதத்தைச் சிறிது ஆராய்வோம். கேட்பதற்கு இது நேர்மையான கொடுக்கல் வாங்கல் போலத் தோன்றும். கடைத் தராசில் கொடுப்பவனும் பெறுபவனும் நேருக்கு நேர் நிற்கின்றனர். ஆகவே அங்கு அது பொருந்தும். இங்கோ குற்றம் செய்தவன் ஒருவன். தண்டம் இறுப்பவன் மற்றொருவன். மெலனாவ் பெண் ஸ்விட்சர்லாந்தில் வாக்களிக்கவில்லை. அந்நாட்டில் உழைத்துப் பிழைக்கும் துருக்கியனும் போஸ்னியனும் கோலாலம்பூரில் ஆணை பிறப்பிக்கவில்லை. ஒரு தோட்டத்துக் கங்காணி கணக்கைத் திருத்தினான் என்று அடுத்த தோட்டத்துத் தொழிலாளியின் கூலியைப் பிடித்தால் நாம் ஒப்புவோமா? ‘இருவரும் ஒரே சாதி’ என்று துரை சமாதானம் சொன்னால் அதனை நீதி என்போமா? இவ்வாதம் சிறுபான்மையோரைக் குடிகளாக நடத்தவில்லை. தூரதேசத்தில் எவனோ பட்ட கடனுக்கு இங்கே பிணையாகப் பிடித்து வைக்கிறது.

பிணை என்னும் இவ்வெண்ணம் முற்றினால் எங்குச் சென்று முடியும் என்பதை இலங்கை காட்டிற்று. 2019 மார்ச் 15-இல் நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச் நகரில் இரு பள்ளிவாசல்களில் 51 பேர் சுட்டுக் கொல்லப்பட்டனர். ஏப்ரல் 21, ஈஸ்டர் ஞாயிறன்று, கொழும்பு கொச்சிக்கடை அந்தோனியார் ஆலயம், நீர்கொழும்பு செபஸ்தியார் ஆலயம், மட்டக்களப்பு சீயோன் தேவாலயம் ஆகியவற்றிலும் விடுதிகளிலும் குண்டுகள் வெடித்து 250-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். இஃது அதற்குப் பழி என்று அந்நாட்டு அமைச்சர் ஒருவர் கூறினார். அதற்கு உறுதியான சான்று வெளிப்படவில்லை. சான்று இல்லாதபோதும் உலகம் அதனை எளிதில் நம்பிற்று. மட்டக்களப்பில் மறைக்கல்வி முடித்து வந்த சிறுபிள்ளை, எங்கோ நியூசிலாந்தில் நடந்ததற்குக் கணக்கு ஒப்புவிக்கும் என்பதை நம்மால் கற்பனை செய்ய முடிந்ததல்லவா? அங்கேதான் நோய் இருக்கிறது. மேலும், அடுத்த மாதமே வடமேல் மாகாணத்தில் ஒன்றுமறியா முஸ்லிம்களின் வீடுகளும் கடைகளும் சூறையாடப்பட்டன. பழிவாங்க வேண்டா என்று கர்தினால் மால்கம் ரஞ்சித் வேண்டினார். பௌத்தர் நூற்றுக்கு 70 பேராக உள்ள அந்நாட்டில் இவ்விரு மதத்தாரும் சிறுபான்மையோரே. இருவரும் புண்பட்டனர்.

பெரும்பான்மை என்பது எப்போதும் தலையெண்ணிக்கையும் அன்று. 1511-இல் மலாக்காவைப் பிடித்த போர்த்துக்கீசியர் மிகச் சிலரே. ஆயினும் அவர்கள் பள்ளிவாசலையும் அரசர் கல்லறைகளையும் இடித்து, அக்கற்களைக் கொண்டு கோட்டை கட்டினர். 1641-இல் டச்சுக்காரர் அந்நகரைக் கைப்பற்றியதும், அதே போர்த்துக்கீசியரின் கத்தோலிக்க மதம் ஒடுக்கப்பட்டது. ஒடுக்கியவரும் கிறிஸ்தவரே! 1710-இல்தான் அங்கே இராயப்பர் ஆலயம் எழுந்தது. அதே டச்சுக்காரர் காலத்தில், 1748-இல் கம்போங் கிலிங் பள்ளிவாசலும், 1781-இல் விநாயகர் கோயிலும் ஒரே தெருவில் தோன்றின. ஒரே நகரில், ஒரே ஆட்சியில், ஒடுக்குதலும் இடங்கொடுத்தலும் நிகழ்ந்துள்ளன. ஆகவே கொடுமைக்குக் காரணம் இன்ன மதம் என்று சுட்டுவது வீண். கையில் வலியுடையவன் அதனை எவ்வாறு ஆளுகிறான் என்பதே கேள்வி.

‘எங்கள் அச்சம் உமக்குத் தெரியாது’ என்று பெரும்பான்மையோர் கூறக்கூடும். அவ்வச்சம் வேரற்றதென்று நாம் சொல்லோம். பீரங்கியும் சிலுவையும் ஒரே கப்பலில் வந்திறங்கியதை மலாய் மக்கள் மறப்பது எளிதன்று. முஸ்லிம்களிடையே பிற மதப் பிரசாரத்தைக் கட்டுப்படுத்த அரசியற் சட்டத்தின் 11-ஆம் பிரிவு இடந்தருகிறது. பகாங்கிலும் 1989-இல் அத்தகைய சட்டம் இயற்றப்பட்டது. ஸ்விட்சர்லாந்து மக்களுக்கும், தம் ஊர்களின் சாயல் மாறிவிடுமோ என்ற அச்சம் இருந்திருக்கலாம். ஆனால் அச்சம் தன் வீட்டுக்குத் தாழ் போட ஒருவனுக்கு உரிமை தரலாம். அயலான் வீட்டைப் பூட்ட உரிமை தாராது. தன் மக்கள் வேறு மதம் புகலாகாதென்று காத்தல் ஒன்று; அயலான் தன் இறைவனை எச்சொல்லால் அழைக்கலாம், தன் பள்ளியை எவ்வடிவில் கட்டலாம் என்று விதித்தல் வேறொன்று.

இவ்விடத்தில் நம் தமிழை எண்ணிப் பார்க்கலாம். ‘ஆண்டவன்’ என்னும் சொல்லைச் சைவரும் சொல்கின்றனர், கிறிஸ்தவரும் சொல்கின்றனர், முஸ்லிம்களும் சொல்கின்றனர். ‘ஹெரால்ட்’ ஏட்டில் தமிழ்ப் பக்கங்களும் உண்டு. அப்பக்கங்களின் சொற்களைப் பற்றி வழக்கு எழவில்லை. நாகூர்த் தர்காவுக்கும் வேளாங்கண்ணிக்கும் எல்லா மதத்தாரும் சென்று வருகின்றனர். பலர் ஆள்வதனால் ஒரு சொல் தேய்ந்து போவதில்லை என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

ஆயினும் தமிழர் இதில் தூயவர் என்று மார்தட்டிக் கொள்ள எனக்கு வாய் எழவில்லை. 2010-ஆம் ஆண்டுக் கணக்குப்படி மலேசிய இந்தியருள் இந்துக்கள் நூற்றுக்கு 86 பேர். கிறிஸ்தவர் ஏறக்குறைய 6 பேர். முஸ்லிம்கள் 4 பேர். நாட்டில் சிறுபான்மையான இந்து, தோட்டத்து லயத்தில் பெரும்பான்மையோன். நாட்டில் பெரும்பான்மையோடு எண்ணப்படும் தமிழ் முஸ்லிம், லயத்தில் ஒற்றை வீட்டுக்காரர். கிறிஸ்தவரோ இரண்டிடத்தும் சிலரே.

என் இளமையில் இம்மலைத் தோட்டமொன்றில் கோயில் சபைக்கு நான் காரியதரிசியாக இருந்தேன். கோயிலை ஒட்டி ஒரு கொட்டகை இருந்தது. அதன் சாவி என்னிடம். ஒரு கிறிஸ்தவக் குடும்பத்தார் தம் மகளின் கலியாண விருந்துக்கு அதனைக் கேட்டனர். மழைக்காலம், லயத்தில் வேறு இடமில்லை. ‘திருவிழா வரி கொடாதவர்க்குக் கொட்டகை இல்லை’ என்றோம். பெரும்பான்மையோர் தீர்மானம்! அக்கொட்டகை எழும்பியபோது பலகை சுமந்தவருள் அப்பெண்ணின் தந்தையும் ஒருவர் என்பது எனக்குத் தெரியும். தெரிந்தும் வாய் திறவாதிருந்தேன். தோட்டத்து மளிகைக் கடைக்கார பாய் தம் அரிசி மூட்டைகளை ஒருபுறம் அடுக்கி, கடை முகப்பில் கித்தான் கட்டிக் கொடுத்தார். விருந்து அங்கே நடந்தது. என்னையும் அழைத்திருந்தனர், வெட்கத்தால் நான் போகவில்லை.

2013-ஆம் ஆண்டுத் தீர்ப்பைப் படித்து, ‘ஒரு சொல்லுக்கும் வேலி போடுகிறார்களே’ என்று என் மனம் கொதித்தது. கொதிப்பு அடங்குமுன் அக்கொட்டகை நினைவுக்கு வந்தது. புத்ராஜாயாவில் உள்ளவர்களுக்கு நான் சொல்ல விரும்பியதையெல்லாம் எனக்கே சொல்லிக்கொள்ள வேண்டியதாயிற்று.

தேநீர்க் கடையில் எழுந்த கேள்விக்கு விடை இதுவே என எண்ணுகிறேன். முதலில் யார் விடுவது? எவன் கையில் சாவி இருக்கிறதோ அவனே முதலில் திறத்தல் வேண்டும். ஸ்விட்சர்லாந்தில் சாவி கிறிஸ்தவர் கையில் இருக்கிறது. இந்நாட்டில் முஸ்லிம்கள் கையில். தமிழ்நாட்டிலும் நம் தோட்ட லயங்களிலும் இந்துக்கள் கையில். மற்றவன் திறக்கட்டும் என்று ஒவ்வொருவனும் காத்திருந்தால் எல்லாக் கதவுகளும் மூடியே கிடக்கும். மழையில் நனைபவன் ஏழை. பிற தேசத்தாரைத் திருத்த நம்மாலாகாது. நம் தோட்டத்தில், நம் கோயிலில், நம் சங்கத்தில் சிலராய் உள்ளோர் கேட்குமுன் கொடுப்பதற்கு எவருடைய அனுமதியும் வேண்டியதில்லை. அதனைச் செய்தபின் நமக்குரியதைப் பிறரிடம் கேட்போமாக. அப்போது நம் குரலுக்கு வலிமை இருக்கும்.