அறுத்தவரோடு சேர்வதே உறவு



நீலகிரி மாவட்டம் மஞ்சூரில் ஒரு ஜும்ஆவுக்குப் பின், தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்யும் வாலிபர் ஒருவர் நம் அருகில் வந்து உட்கார்ந்தார். "ஹஜ்ரத், எனக்கு ஆறு வயதாக இருக்கும்போது எங்களை விட்டுப் போன அத்தா, இப்போது காரமடையில் தனியாக, நோயாளியாகக் கிடக்கிறாராம். ஒருவேளைச் சோறு போடாதவரை நான் போய்ப் பார்க்கத்தான் வேண்டுமா? போனால் அம்மா மனசு தாங்காதே" என்று கண் கலங்கினார்.

இது அவர் ஒருவருடைய கேள்வியன்று. நம் மஹல்லாக்களில் எத்தனையோ வீடுகளில் வாய்விட்டுக் கேட்கப்படாமல் கிடக்கும் கேள்வி.

ஹழ்ரத் அபூபக்ர் (ரலி) அவர்கள் ஜாஹிலிய்யாக் காலத்திலேயே தலாக் சொல்லிப் பிரிந்த மனைவி குதைலா. அவருடைய மகளார்தாம் அஸ்மா (ரலி) அவர்கள். ஹிஜ்ரி 6-ல் (கி.பி. 628) ஹுதைபிய்யா உடன்படிக்கை ஏற்பட்டது. அந்தச் சமாதான காலத்தில், இஸ்லாத்தை ஏற்காதிருந்த அத்தாயார் மகளைத் தேடி மதீனாவுக்கு வந்தார். நெய் முதலிய பொருள்களைக் கொண்டு வந்ததாகவும், மகளார் அவற்றை வாங்கவோ தாயை வீட்டுக்குள் அழைக்கவோ தயங்கியதாகவும் ஒரு ரிவாயத்து உண்டு. விஷயம் நபி (ஸல்) அவர்களிடம் போயிற்று. தாயோடு சேர்ந்து கொள்ளும்படியே அவர்கள் ஏவினார்கள். புகாரி, முஸ்லிம் இரண்டிலும் பதிவாகியுள்ள சம்பவம் இது.

சிந்தித்துப் பாருங்கள்! ஈமான் கொள்ளாத தாய்க்கே இந்த உரிமை என்றால், கடமை தவறிய தகப்பனுக்கு மட்டும் அது இல்லாமல் போய்விடுமா?

மனைவி மக்களுக்குச் செலவுக்குக் கொடுக்காமல் கைவிட்டது பெரும் பாவம்தான். அதற்கு அவர் அல்லாஹ்விடம் பதில் சொல்லியாக வேண்டும். மகன் போய்ப் பார்ப்பதால் அந்தப் பாவம் நியாயமாகிவிடாது. ஆனால் அவருடைய கணக்கு வேறு, நம்முடைய கணக்கு வேறு. செய்தவருக்குத் திருப்பிச் செய்வது கைம்மாறு. அறுத்தவரோடு சேர்வதே உறவைப் பேணுதல் என்பது நபி (ஸல்) அவர்களின் போதனை. தகப்பன் ஏழையாகவும் மகன் வசதியுள்ளவனாகவும் இருந்தால், தகப்பனுக்கு உணவளிப்பது கடமை என்று ஃபிக்ஹு நூல்களும் கூறுகின்றன.

அப்படியானால் தாய்? ஒற்றை ஆளாக நின்று வளர்த்த அந்தத் தாயின் உரிமை எல்லாவற்றுக்கும் முந்தியது. அவருக்கு ஒளித்துப் போகக்கூடாது. உறவை முறிக்கச் சொன்னால் அதில் மட்டும் கீழ்ப்படிதல் இல்லை. ஆனால் மறுப்பதிலும் கனிவு வேண்டும். "நீங்கள் பட்ட பாட்டை மறக்கவில்லை அம்மா, அல்லாஹ்வுக்காகப் போகிறேன்" என்று கையைப் பிடித்துச் சொல்லுங்கள்.

அந்த வாலிபரிடம் நாம் சொன்னதும் இதுவே. முதல் தடவை போகும்போது பழைய வழக்கை எடுக்க வேண்டாம். ஸலாம் சொல்லிப் பக்கத்தில் உட்காருங்கள். மருந்துக்கு இருக்கிறதா என்று கேளுங்கள். மீதியை அல்லாஹ் பார்த்துக்கொள்வான்.

பிரிந்து கிடக்கும் உள்ளங்களை வல்ல ரஹ்மான் இணைத்து வைப்பானாக! ஆமீன்.