மைக் முன் நிற்கும் வீட்டார்

2020 ஜூன் 22 இரவு கோவில்பட்டி அரசு மருத்துவமனையில் பென்னிக்ஸ் இறந்தார். விடிவதற்குள் அவருடைய தந்தை ஜெயராஜும் போய்விட்டார். ஊரடங்கு நேரம் தாண்டிச் செல்போன் கடையைத் திறந்து வைத்ததாகச் சாத்தான்குளத்தில் போலீஸாரால் பிடிக்கப்பட்டு, வெகுதூரம் தள்ளி இந்தக் கரிசல் ஊரின் கிளைச் சிறைக்குக் கொண்டுவரப்பட்டவர்கள் இவர்கள். துட்டி வீட்டுப் பெண்கள் அழுது முடிக்குமுன்னே கேமராக்கள் வந்துவிட்டன. அவர்கள் பேசினார்கள்.

பேசியிருக்கலாமா?

வேண்டாம் என்பவர்களின் வாதம் லேசானதல்ல. விசாரணைக்கு முன்பே குடும்பம் குமுறினால், ஊர் தீர்ப்பை எழுதி முடித்துவிடும். நாளை சாட்சிக் கூண்டில் நிற்கும்போது, அழுகையினூடே சொன்ன ஒரு வார்த்தையைப் பிடித்து எதிர்த்தரப்பு வக்கீல் மடக்கவும் கூடும்.

ஆனால் இங்கே முதலில் பேசியது குடும்பமல்ல. இருவரும் தரையில் உருண்டு புரண்டதால் காயம் பட்டதாக முதல் தகவல் அறிக்கை எழுதிவைத்திருந்தது. மூச்சுத்திணறலும் உடல்நலக் குறைவுமே சாவுக்குக் காரணம் என்று அன்றைய முதலமைச்சரின் அறிக்கை சொன்னது. இதை மறுக்க வேண்டிய இருவரும் பிணவறையில் கிடந்தார்கள். வீட்டாரும் வாய் மூடியிருந்தால் அந்த அறிக்கைதான் வரலாறு.

அப்படியானால் எதுவரை பேசலாம்? ரத்தத்தில் ஊறிய லுங்கிகளை மாற்ற மாற்ற நிலையத்திலிருந்து புதிது கேட்டார்கள் என்று உற்றாரும் நண்பர்களும் சொன்னது கண்ணால் கண்ட செய்தி. இருவரும் காவல் நிலையத்தில் இருந்த இரவு நடந்ததைத் தலைமைக் காவலர் ரேவதி பின்னர் மாஜிஸ்திரேட்டிடம் சொன்னபோது, லத்தியிலும் மேசையிலும் இருந்த ரத்தக்கறை பதிவாயிற்று. அதே நாட்களில் நிலையத்துக்குள் நடந்ததை நேரில் பார்த்ததுபோல வர்ணித்துப் பாடகி சுசித்ரா வெளியிட்ட வீடியோ கோடிக்கணக்கானவர்களை உலுக்கியது. சிபிசிஐடி ஆட்சேபித்த பிறகு அதை அவர் நீக்கினார். எல்லை மீறியது துக்கம் அல்ல, அதைக் கடன் வாங்கிப் பேசியவர்கள்.

கண்டதைச் சொல்வது ஒன்று, குற்றவாளி இவர்தான் என்று முடிவுகட்டுவது வேறு. உடுமலை சங்கரின் ஆணவக் கொலையில் அவருடைய மனைவி கௌசல்யா தன் தந்தை மீதே குற்றம் சாட்டினார். 2017-இல் திருப்பூர் நீதிமன்றம் அந்தத் தந்தைக்குத் தூக்குத் தண்டனை விதித்தது. சென்னை உயர் நீதிமன்றமோ 2020 ஜூன் 22 அன்று, பென்னிக்ஸ் இறந்த அதே நாளில், அவரை விடுவித்தது. விடுதலையானவரைக் கொலைகாரர் என்று ஊர் சொல்லக் கூடாது. அதற்காகக் கௌசல்யா பொய் சொன்னார் என்றும் ஆகிவிடாது.

கேட்பவர்களுக்கும் கடமை உண்டு. "அந்த நேரம் மனசு எப்படி இருந்தது?" என்று விதவையிடம் மைக்கை நீட்டுவது செய்தி சேகரிப்பு ஆகாது. மைக் எந்த வாசலுக்குப் போகிறது என்பதும் யோசிக்க வேண்டியதே. சாத்தான்குளம் போலீஸார் அழைத்துப்போய் அடித்ததால்தான் தன் மகன் செத்தான் என்று பேய்க்குளத்துத் தாய் ஒருவரும் அதே ஆண்டு உயர் நீதிமன்றப் படியேறினார். அந்த இளைஞர் இறந்தது, ஜெயராஜும் பென்னிக்ஸும் இறப்பதற்குச் சில நாட்கள் முன்புதான். அந்தத் தாய் சொன்னதை அப்போதே கேட்க அவர் வீட்டு வாசலில் எத்தனை கேமராக்கள் நின்றன?