பேகம் பஜாரில் பேரீச்சை

ரமலான் பிறை தெரியும் முன்பே ஹைதராபாத் பேகம் பஜாரின் மொத்தக் கடைகளில் பேரீச்சம்பழப் பெட்டிகள் குவிந்துவிடும். ஈராக்கின் ஜாஹிதி, ஈரானின் மஜாஃபதி, மதீனாவின் அஜ்வா எல்லாமே கடல் கடந்து வந்தவை. குஜராத்தின் கச்சிலும் பேரீச்சை விளைகிறது. ஆனால் பழம் மரத்திலேயே கனிந்து உலர்வதற்குள் மழை பிடித்துக்கொள்வதால், ஜூன், ஜூலையில் செங்காயாகவே பறித்துவிடுகிறார்கள். ஆகவே உலர்பழத்துக்குப் பெரிதும் இறக்குமதியே வழி. துறைமுகத்தில் சுங்கமும் உணவுப் பாதுகாப்புச் சோதனையும் முடிந்தபின் சரக்கு லாரி ஏறுகிறது. ஈரப்பசை மிகுந்த மஜாஃபதிக்குக் குளிர்பதனமும் வேண்டும்.

அயல்நாட்டுப் பழம் இல்லாமல் நோன்பு நிறைவேறாதா? நிறைவேறும். பேரீச்சையால் நோன்பு திறப்பது நபிவழியான சுன்னத்து. ஃபர்ளு எனும் கட்டாயக் கடமை அல்ல. கனிந்த பழம், அது இல்லையேல் உலர்ந்தது, அதுவும் இல்லையேல் சில மிடறு தண்ணீர் என்பதே நபிமொழி காட்டும் வரிசை. மதீனாவில் தோட்டத்துப் பழமாக இருந்தது தக்காணத்தில் காசு கொடுத்து வரவழைக்கும் சரக்காகிவிட்டது; கையருகே இருப்பதைக் கொள்ளச் சொன்ன எளிமை இதில் குலைகிறது என்று வாதிடலாம். வாங்குபவரின் கணக்கோ வேறு. நபி உண்டதையே தானும் உண்ணும் நெருக்கத்துக்கு அவர் விலை பார்ப்பதில்லை.