உறவு என்கிற தகுதியின்மை

2021ல் உத்தரப்பிரதேச அரசு ஒவ்வொரு கிராமப் பஞ்சாயத்துக்கும் ஓர் உதவியாளரை நியமிக்க உத்தரவிட்டது. பன்னிரண்டாவது தேறியிருக்க வேண்டும். மாதம் 6,000 ரூபாய் மதிப்பூதியம். அதே ஊர்க்காரராக இருக்க வேண்டும். தலைவர், உறுப்பினர்கள், செயலர் இவர்களுக்கு நெருங்கிய உறவாக இருக்கக்கூடாது. தலைவர் பதவி எந்தப் பிரிவினருக்கு ஒதுக்கப்பட்டதோ அந்தப் பிரிவினருக்கே இந்த வேலையும்.

தனித்தனியாக எந்த விதியிலும் பழுது தெரியவில்லை. சேர்த்து வைத்தால்தான் சங்கடம். அந்தப் பக்கத்து இந்துக்களில் சொந்த ஊருக்குள் பெண் எடுப்பது வழக்கமில்லை. எனவே ஒரு ஊரில் ஒரு ஜாதி என்பது அநேகமாகப் பங்காளிகளின் கூட்டம். தலித்துக்கு ஒதுக்கிய ஊர், பத்துப் பன்னிரண்டு வீடுகள், அதில் பன்னிரண்டாவது வரை போன ஒரே பெண் தலைவரின் மகள் என்று வைத்துக்கொள்வோம். ஒதுக்கீடு அவளைக் கூப்பிடுகிறது, உறவு விதி வாசலில் நிறுத்துகிறது. அவள் என்ன செய்தாள்? ஒன்றும் செய்யவில்லை. சந்தேகம் அப்பாவின் கையைப் பற்றியது, இழப்பு அவளுக்கு.

அரசு வேலையில் வம்சாவழியை மட்டுமே காரணமாக்கி யாரையும் ஒதுக்கக்கூடாது என்கிறது அரசியல் சாசனத்தின் 16(2). 1895ம் வருஷத்துச் சென்னைப் பரம்பரைக் கிராம உத்தியோகச் சட்டம் மணியம் வேலையை முந்தைய மணியக்காரர் குடும்பத்துக்கே கொடுத்துவந்தது. அந்த ஏற்பாட்டை உச்சநீதிமன்றம் செல்லாது என்றது இந்தப் பிரிவை வைத்துத்தான். (தமிழ்நாட்டில் மணியமும் கணக்குப்பிள்ளையும் அடியோடு ஒழிய 1980 வரை ஆயிற்று.) அன்று ரத்தம் தகுதி, இன்று தகுதியின்மை. இரண்டும் ஒன்றல்ல என்பார் வக்கீல்: விலக்கப்படுவது பிறப்பல்ல, தேர்ந்தெடுக்கும் கைக்கு அருகில் இருப்பது. ஒப்புக்கொள்கிறேன்.

தலைவர் அன்றைக்கு எழுந்து வெளியே போய்விட்டால் போதாதா? நகரத்துக் கமிட்டிகளில் அப்படித்தான் செய்கிறார்கள். ஊரில் போதாது. அவர் திண்ணையில் உட்கார்ந்திருப்பது உள்ளே இருக்கிறவர்களுக்குத் தெரியும். மறுநாள் கையெழுத்துக்கு அவரிடம்தான் போயாக வேண்டும். ஆகவே விதி வேண்டும் என்றே நினைக்கிறேன். அது நியாயமானது என்று சொல்லத்தான் வாய் வரவில்லை.

விதிக்குத் தெரிந்த உறவு ரத்தமும் தாலியும் மட்டுமே. தேர்தலுக்குப் பணம் கொடுத்தவனின் பிள்ளை, கூடவே அலையும் கையாள், கடன்பட்டவன் — இவர்களுக்குப் பட்டியலில் இடமில்லை. போடவும் முடியாது, அளக்க முடிந்ததையே சட்டம் அளக்கிறது. பெரிய வீட்டுக்கு இந்தத் தடை ஒரு சின்ன அசௌகரியம். அந்தப் பிள்ளைக்கு 6,000 ரூபாய் வேண்டியதில்லை.

அந்தப் பெண்ணுக்குக் குறைந்தபட்சம் காரணத்தை ஒழுங்காக எழுதிக் கொடுக்கலாம்: 'தகுதியற்றவர்' என்றல்ல, 'உன் அப்பா தலைவராக இருக்கும் வரை' என்று. ஐந்து வருஷத்தில் தலைவர் மாறுவார். அதற்குள் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்திருப்பார். ஒதுக்கீடும் சுழற்சியில் இன்னொரு பிரிவுக்குப் போயிருக்கும்.