பாரத்தை மறைக்கும் தகடு

வெயிலை மறைக்கக் குடை உண்டு. மழையைத் தடுக்கக் கூரை உண்டு. ஓசையை அடக்கச் சுவர் உண்டு. நிற்பினும் நடப்பினும் உறங்கினும் நம்மை விடாது பற்றியிருக்கும் புவியின் ஈர்ப்பை மறைக்கத் திரை உண்டோ? உண்டெனக் கற்பனை செய்தார் ஆங்கில ஆசிரியர் எச். ஜி. வெல்ஸ். 1901இல் நூலாக வெளிவந்த 'சந்திரனில் முதல் மனிதர்' என்னும் அவர்தம் கதையில், கேவர் என்னும் விஞ்ஞானி உலோகங்கள் சிலவற்றோடு ஹீலியத்தையும் சேர்த்து ஒரு பொருளை ஆக்குகிறார். பலகை ஒளியை மறைப்பதுபோல அப்பொருள் ஈர்ப்பை மறைக்கும். அதன் பெயர் கேவரைட்.

இத்தகைய பொருள் இயற்கையில் இல்லை. மின்சாரத்தில் நேர், எதிர் என இருவகை உண்டு. ஒன்று மற்றொன்றைச் சமன்செய்வதால், உலோகக் கூட்டினுள் மின்விசை புகாவண்ணம் தடுத்தல் இயலும். ஈர்ப்போ அவ்வாறன்று; நாமறிந்த பொருள் யாவும் ஈர்ப்பனவே. மேலும், ஈர்ப்பை மறைக்கும் தகட்டைச் சக்கரத்தின் ஒரு பாதிக்குக் கீழே வைத்தோமாயின், அப்பாதி எடையற்று மேலேறும்; மறுபாதி கனத்துக் கீழிறங்கும். நிலக்கரியும் வேண்டா, நீராவியும் வேண்டா. சக்கரம் என்றென்றும் சுழன்று வேலை செய்யும். ஆற்றலைச் செலவிடாது வேலை செய்யும் எந்திரம் உலகில் இல்லை என்பது இயற்கையின் விதி.

ஆயின், இல்லாத பொருளைப்பற்றி நாம் ஏன் சிந்தித்தல் வேண்டும்? கதையின் உள்ளே மற்றொரு தகடு இருக்கின்றது. அது கற்பனையன்று.

கேவரின் உலையைக் காத்தல் எவர் கடன் என உதவியாளர் மூவரும் தமக்குள் வழக்கிட்டு, அதனைக் கவனியாது விட்டனர். கேவரைட் எதிர்பாராத வேளையில் குளிர்ந்து தன் தன்மையைப் பெற்றது. அதன் மேலிருந்த காற்று எடையிழந்தது. சூழ்ந்திருந்த காற்று உட்பாய்ந்து அதனை வானுக்கு எறிந்தது. கேவரின் வீடு தகர்ந்தது. அயலார் வீடுகளும் சேதமுற்றன. கேவரும் அவர்தம் தோழர் பெட்ஃபோர்டும் என் செய்தனர்? ஊரார் அதனைப் புயலென்று எண்ணுமாறு விட்டுவிட்டனர். பின்னர்ச் சந்திரனிலிருந்து பெட்ஃபோர்டு மட்டும் பொன்னோடு திரும்புகிறார். கடற்கரையில் அவர் விட்டுவைத்த கோளத்தினுள் ஒரு சிறுவன் ஏறி, வானிற் சென்று மறைகிறான். அவனை மீட்க வழியில்லாதிருக்கலாம். உண்மையைக் கூற வழியிருந்தது. பழி தம்மேல் வருமென அஞ்சிப் பெட்ஃபோர்டு வாளாவிருந்தார்.

செயலுக்கும் செய்தவனுக்கும் இடையே வைக்கப்படும் இத்தகட்டை நாம் அறிவோம், நாமே கையாண்டோம். பஞ்சாலையில் பணிசெய்த காலத்தில், ஓர் எந்திரத்தின் பற்சக்கர மூடி கழன்று கிடந்தது. பலரும் கண்டோம். 'பழுது பார்ப்போர் கவனிப்பர்' என்றனர் சிலர், 'மேற்பார்வையாளர் அறியாரோ?' என்றோம் நாம். ஓர் இரவு, புதிதாய் வந்த இளைஞர் ஒருவர் அச்சக்கரத்தில் இரு விரல்களை இழந்தார். மறுநாள் விசாரணையில் எந்திரத்தின்மேல் பழி, இளைஞரின் கவனக்குறைவின்மேல் பழி, ஊழின்மேல் பழி. நாம் வாய் திறந்தோமில்லை.

பல ஆண்டுகள் சென்றபின் அவரைத் தேடிச்சென்று, மூடி கழன்றிருந்ததை முன்னரே அறிந்திருந்தோம் எனக் கூறினோம். நெடுநேரம் பேசாதிருந்து அவர் சொன்னது இவ்வளவே: "அன்றைக்கே சொல்லியிருக்கலாமே, அண்ணே."

அன்றே சொல்லியிருப்பின் விரல்கள் திரும்பியிரா. ஆயினும், கவனமற்றவன் என்னும் பெயரை அவர் சுமந்திரார். நாம் இறக்கிவைத்த பாரம் மறைந்துபோகவில்லை. எளியவர் ஒருவர் தோளுக்கு இடம் மாறிற்று. கேவரின் தகட்டின்மேல் எடை நீங்கியபோது இடிந்தது அயலார் கூரையன்றோ?

பழைய தறிகளில் பாவு சுற்றிய உருளையைச் சங்கிலியால் தழுவி எடைக்கட்டிகள் தொங்கும். நெய்வதறியாதார் அவற்றை வீண்சுமை என்பர். அவற்றைக் கழற்றிப் பாருங்கள். உருளை கட்டின்றிச் சுழலும், பாவு தளரும், துணி துணியாக வாராது. பாரமே இழையை நேராய் நிறுத்துகிறது.

செய்ததை 'யாம் செய்தோம்' என்றும், கண்டதை 'யாம் கண்டோம்' என்றும் கூறுதல் அத்தகையதொரு பாரம். அதனை உரிய நாளிலேயே சுமத்தல் வேண்டும். நாள் கடந்து சுமக்க முற்படுவோர்க்கு அது இலேசாவதில்லை. இன்று நம் கண்முன் கழன்று கிடக்கும் மூடி எது? அதனை எவரிடம் கூறாது இருக்கின்றோம்? எண்ணிப் பார்ப்போமாக.